எல்லோருக்கும் வந்த பிலோமினா

பிலோமினா பால்காரன் கனவில்கூட வந்துவிட்டாள். கட்டிய கணவர் இருதயராஜுக்குத்தான் வரவில்லை.

காலம், நினைவு, கனவு மூன்றையும் ஆராய்வதற்கென்று மலையடிவாரத்தில் ஒரு கழகம் இருந்தது. காலத்தைப் படிக்க வந்தவர்கள் சாப்பாட்டுக்குக்கூட நேரத்தில் வரமாட்டார்கள். நினைவைப் படிக்க வந்தவர்கள் சாப்பிட்டதை மறந்துவிட்டு மறுபடி வந்து நிற்பார்கள். மிச்சமிருந்தவர்கள் எல்லாம் கனவுக்காரர்கள். செத்துப்போனவர்களைக் கனவிலாவது ஒருமுறை பார்த்துவிட மாட்டோமா என்று வந்தவர்கள்.

இருதயராஜ் பேருந்து நிலையத்தில் டைம் கீப்பராக இருந்து ஓய்வு பெற்றவர். பிலோமினாவை அடக்கம் செய்த பிறகு, வீட்டைப் பூட்டிச் சாவியை மகனிடம் கொடுத்துவிட்டுக் கழகத்துக்கு வந்து சேர்ந்தார். அங்கே ஆசிரியராக இருந்த மெய்யம்மைக்கு அவருடைய மகள் வயதுதான் இருக்கும். இருதயராஜ் அதையெல்லாம் பார்க்கவில்லை.

"அவ ஒரு தடவை வந்தாப் போதும்மா. நான் என்ன செய்யணும்?" என்றார்.

"காலையில சபைக்கு வாங்க. மத்தவங்க சொல்றதைக் கேளுங்க."

சபைக்கு ஒரு வழக்கம் உண்டு. எழுந்ததும், வாயில் தண்ணீர் படுவதற்கு முன், கண்ட கனவைச் சொல்லிவிட வேண்டும். பல் துலக்கினால் கனவும் சேர்ந்து கழுவிக்கொண்டு போய்விடும் என்பது அங்கே கணக்கு.

இருதயராஜை அந்தக் காலைகள்தான் வதைத்தன.

"அண்ணாச்சி, மதினி வந்தாவ," என்று ஆரம்பிப்பார் தங்கபுஷ்பம். நாகர்கோவிலிலிருந்து வந்தவர். "மீன் கழுவிட்டு இருந்தாவ. உப்பு இருக்கான்னு கேட்டாவ."

"என்ன சேலை?"

"பச்சை."

"பச்சை அவளுக்குப் பிடிக்காதே."

"உடுத்தியிருந்தாவளே, அதுக்கு நான் என்ன செய்ய?"

அடுத்து காசிம் ராவுத்தர் தொண்டையைச் செருமுவார். "தங்கச்சி நம்ம கனவுலயும் வந்துச்சு. டைம் கீப்பருக்கு ஒரே திட்டு."

"என்னன்னு, பாய்?"

"மனுசன் சட்டைப் பையில பீடியை வெச்சுக்கிட்டே துவைக்கப் போடுறாருன்னு."

சபை சிரிக்கும். இருதயராஜ் சிரிக்கமாட்டார். பீடி விஷயத்தைக் காசிமிடம் சொன்னதே அவர்தான். பிலோமினாவைப் பற்றி அவர் சொல்லக் கேட்காமல் தப்பித்த ஆள் அந்த மலையில் இல்லை. கேட்டவர்களெல்லாம் அவளைக் கண்டார்கள்.

தம் முறை வந்ததும் "ஒண்ணுமில்ல" என்று சொல்லிவிட்டு வாய் கொப்பளிக்கப் போய்விடுவார்.

கழகத்துக்கு வரும் பால்காரனும் கண்டான் என்று தெரிந்த அன்று பையைக் கட்டினார். மெய்யம்மை கொடியிலிருந்து எடுத்துவந்த துணிகளை மடித்துக்கொண்டிருந்தார்.

"கிளம்பிட்டீங்களா?"

"பால்காரனுக்கு வர்றா. அவன் பாலை அவ ஒரு நாள் குடிச்சதில்ல. நான் என்னம்மா பாவம் பண்ணினேன்?"

"உங்களுக்குக் கனவே வர்றதில்லையா?"

"வருது. எல்லாம் குப்பை."

"என்ன குப்பை?"

"அதைச் சொல்லி என்ன ஆகப்போகுது?"

"போறதுக்கு முன்னாடி சொல்லிட்டுப் போங்க."

இருதயராஜ் அலுப்போடு பையைக் கீழே வைத்தார். "பஸ் ஸ்டாண்டுல நிக்கிறேன். வண்டிக எல்லாம் போயிருச்சு. ஒரு சின்னப் பொண்ணு வந்து சட்டையைப் புடிச்சு இழுக்குது. யார் பெத்த பிள்ளையோ. கையில ஒத்தைச் செருப்பு."

மெய்யம்மை கையிலிருந்த துணி பாதி மடிப்பில் நின்றது.

"எந்தக் கையில?"

"இடது கை."

"முன்பல்லு?"

"விழுந்திருந்துச்சு. ஏம்மா?"

"எத்தனை தடவை வந்தா?"

"வந்த நாளா அதுதான் வருது. எரிச்சலா இருக்கு."

மெய்யம்மை தரையில் உட்கார்ந்தார். துணியை மடியில் வைத்துக்கொண்டார்.

"தேனம்மை. என் மக. கம்மாக்கரையில இன்னொரு செருப்பு மட்டும் கிடந்துச்சு. நீங்க வந்த அன்னைக்கே சொன்னேன். புதுசா வர்றவங்க அவங்க கதையைச் சொன்னதும் நானும் என் கதையை ஒரு தடவை சொல்லிடுவேன்."

இருதயராஜ் அந்த நாளை நினைத்துப் பார்த்தார். தாம் பேசியது சொல் பிசகாமல் நினைவிருந்தது. தாம் பேசி முடித்த பிறகு எதிரே ஒரு வாய் அசைந்துகொண்டிருந்ததும் நினைவிருந்தது. அது என்ன சொன்னது என்பது மட்டும் வரவில்லை.

"எனக்கு அவ வந்ததே இல்ல," என்றார் மெய்யம்மை. "யாருக்காவது வந்தாக் காதுல விழட்டுமேன்னுதான் காலையில சொல்ற வழக்கத்தையே வெச்சேன்."

பிறகு கேட்டார்: "ஏதாவது பேசுனாளா?"

"ஏதோ கேட்டுச்சு."

"என்ன கேட்டா?"

"தெரியலம்மா. கையைத் தட்டிவிட்டுட்டேன். பிலோமினா வந்திருவாளோன்னு வாசலையே பார்த்துக்கிட்டிருந்தேன்."

மெய்யம்மை மடியிலிருந்த துணியை மறுபடி மடிக்கத் தொடங்கினார்.

"நான் போகலம்மா. இங்கேயே இருக்கேன். அடுத்த தடவை வரட்டும், உக்கார வெச்சுக் கேக்குறேன். சத்தியமா ஒரு வார்த்தை விடாம வந்து சொல்றேன்."

"இனிமே வரமாட்டா."

"ஏன்?"

"இப்ப நீங்க எதிர்பார்க்க ஆரம்பிச்சிட்டீங்க. எதிர்பார்க்குறவங்களுக்கு வர்றதில்ல. இத்தனை வருசத்துல இந்தக் கழகம் கண்டுபிடிச்சது அது ஒண்ணுதான்."

பக்கத்து அறையில் யாரோ இருமினார்கள். இருதயராஜுக்கு ஒன்று தோன்றியது. கேட்கப் பயமாகவும் இருந்தது.

"உங்களுக்குப் பிலோமினா வந்திருக்காளாம்மா?"

"வந்தாங்க. நாலஞ்சு தடவை."

"சபையில நீங்க சொல்லவே இல்லையே. என்ன சொன்னா?"

மெய்யம்மை அவரை நிமிர்ந்து பார்த்தார்.

"உங்ககிட்டச் சொல்லச் சொல்லி ஏதோ சொன்னாங்க. நான் அவங்களுக்குப் பின்னால என் மக வர்றாளான்னு பார்த்துக்கிட்டிருந்தேன்."