நூறு ஐந்துகளும் ஒரு மீசையும்

பூவாற்றூர் மன்னர் மகிழ்மாறருக்கு ராஜ்ஜியத்தைவிட மீசை பெரிது. காலையில் அதற்கு நெய் தடவி, முறுக்கி, கண்ணாடியில் ரசித்த பிறகுதான் சபைக்கே வருவார். அப்பேர்ப்பட்ட மீசைக்கு ஒருநாள் ஆபத்து வந்தது.

ஆபத்தின் பெயர் சதுரானந்த பண்டிதர். வெளிதேசத்துக்காரர். அவருக்கும் மீசை உண்டு, கூடவே நிறையப் பொறாமையும் உண்டு.

"மன்னா! ஒரே ஒரு கணக்கு. பொழுது சாய்வதற்குள் உங்கள் சபை விடை சொல்லாவிட்டால் உங்கள் மீசையை மழிக்க வேண்டும். சொல்லிவிட்டால் என் மீசை உங்களுடையது!"

"சம்மதம்!" என்று மன்னர் மீசையைத் தொட்டுச் சத்தியம் செய்துவிட்டார். பூவாற்றூரில் மீசைச் சத்தியத்தை மன்னராலும் மீற முடியாது.

பண்டிதர் தொண்டையைக் கனைத்தார். "நூறு ஐந்துகளை ஒன்றோடொன்று பெருக்குங்கள். அதைத் தொண்ணூற்றெட்டு ஐந்துகளின் பெருக்கலால் வகுங்கள். வருவதற்கு வர்க்கமூலம் என்ன?"

கணக்கர்கள் மணலைப் பரப்பி எழுத ஆரம்பித்தார்கள். சபை நிறைந்தது. தாழ்வாரம் நிறைந்தது. மணல் தீர்ந்துபோய் ஆற்றுக்கு வண்டி கிளம்பியது. மூலையில் நாவிதர் கத்தி தீட்டத் தீட்ட, மன்னருக்கு வியர்த்துக் கொட்டியது. பாவம், அழுகையே வந்துவிட்டது.

"கோமளவல்லி எங்கே? கூப்பிடுங்கள்!"

வாய்த்துடுக்குக்குப் பேர்போன அரசவை விகடகவி கோமளவல்லி, முறுக்கைக் கடித்தபடியே வந்தாள். மணலைப் பார்த்ததும் சிரித்துவிட்டாள்.

"எதுக்கு மன்னா இந்தப் பாடு? மேலே ஒரு ஐந்து, கீழே ஒரு ஐந்து என்று ஜோடி ஜோடியாக வீட்டுக்கு அனுப்புங்கள். கீழே யாரும் இல்லை. மேலே எத்தனை பேர் மிச்சம்?"

"இரண்டு ஐந்துகள்!"

"வர்க்கமூலம் ஒரு பொல்லாத வாசல். ஒரே மாதிரி இரண்டு பேர் ஒருவரையொருவர் பெருக்கிக்கொண்டு உள்ளே போனால், ஒருவர்தான் வெளியே வருவார். விடை ஐந்து!"

பண்டிதருக்கு முகம் வெளிறியது. மன்னர் சிம்மாசனத்தின் மேலேயே ஏறிக் குதித்தார்.

நாவிதர் எழுந்தார். "கத்தியைத் தீட்டிட்டேனே மகாராஜா! பண்டிதர் மீசையை முழுசா எடுத்துடட்டுமா?"

"ஐயோ, முழுசா வேண்டாம்!" என்று பதறினாள் கோமளவல்லி. "இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் அச்சு அசலா ஒரே மாதிரிதானே இருக்கு? வர்க்கமூலம் மட்டும் எடுத்து அனுப்புங்க!"

மன்னர் சிரித்த சிரிப்பில் கிரீடம் உருண்டு மணலில் விழுந்தது. அதை எடுக்கக்கூட அவருக்குக் கை ஒழியவில்லை. இரண்டு கையாலும் தன் மீசையைப் பத்திரமாகப் பிடித்துக்கொண்டிருந்தார்.