பல்லி மெய்யென்ற கதை

காக்கையின் கழுத்து வெள்ளையாக இருந்த காலம். கொய்யாபுரி என்றொரு ராஜ்ஜியம். அங்கே வடிவாள் என்றொரு பலகுரல்காரி. சந்தைத் திடலில் அவள் வாயைத் திறந்தால் ராஜா அதட்டுவார், கழுதை கத்தும், மாமியார் முணுமுணுப்பாள்.

அவளுடைய சொந்தக் குரல் மட்டும் அவளிடம் இல்லை.

வீட்டில் அம்மாவுக்குக் கண் தெரியாது. "யாரு வந்திருக்கறது?" என்பாள். மகள் பதில் சொன்னால் கழுதைக் குரல் வரும். "யார் வீட்டுக் கழுதை? போ, போய் மேய்" என்று விரட்டிவிட்டு, ஏழு வயதில் தொலைந்துபோன மகளுக்காக வாசல் பக்கம் காதைத் தீட்டிக்கொண்டிருப்பாள்.

நடந்தது இதுதான். மூக்கரையன் என்ற மந்திரவாதி மூக்காலேயே மந்திரம் சொல்வான். குட்டி வடிவாள் அதை அப்படியே சொல்லிக்காட்ட, தெருவே சிரித்தது. அவன் அவளைத் தூக்கி, நெல் கொட்டும் ஆளுயர மண்குதிருக்குள் போட்டு மூடினான். மூன்று நாள் கழித்துத் திறந்தவன், வெளியே சொல்லிவிடுவாளோ என்று அவள் குரலை உருவிச் சிமிழில் அடைத்து இடுப்பில் செருகிக்கொண்டான்.

குதிருக்குள் கூட இருந்த பல்லி ஒன்று அவள் சடையைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்து, அந்தச் சடையிலேயே குடியேறியது. ஒருநாள் அது சொன்னது:

"அக்கா, நடந்ததைச் சந்தையிலே சொல்லு. மெய்யாயிருந்தா நான் உச்சுக்கொட்டுவேன். நான் கொட்டினா சிமிழ் திறக்கும்."

"நினைச்சாலே கால் நடுங்குது."

"நின்னுக்கிட்டே நடுங்கு. மூடியிலே மாட்டி என் வால் போச்சு. முளைக்கலையா?"

"குட்டையாத்தானே முளைச்சிருக்கு."

"முளைச்சுதா இல்லையா?"

முதல் நாள், குகையில் அடைபட்ட இளவரசன் கதை சொன்னாள். கைதட்டினார்கள். பல்லி கம்மென்று இருந்தது. இரண்டாம் நாள், வளையில் அடைபட்ட முயல் கதை. அழுதார்கள். பல்லி கம்மென்று இருந்தது.

"எனக்கு எந்த முயலையும் தெரியாதே அக்கா" என்றது.

மூன்றாம் நாள், முன்வரிசையில் வடை தின்றுகொண்டு மூக்கரையனே உட்கார்ந்திருந்தான். அவள் நின்ற இடம் விட்டு நகரவில்லை. ராஜா குரலை இரவல் வாங்கி, "இது என் கதை" என்றாள். பிறகு மூக்கைச் சுருக்கி, "ஞ்ஞ்... இறங்குடி உள்ளே" என்றாள். சந்தையே குலுங்கிச் சிரித்தது. மூடி விழும் 'தொம்' வந்தது. பல்லி ஊரும் சத்தம் வந்தது. மிச்சம் ஒருத்தி: குதிருக்குள் இருந்த ஏழு வயதுக்காரி.

வடிவாள் முழங்காலைக் கட்டிக்கொண்டு குந்தினாள். நூல் போல ஒரு கீச்சுக்குரல் வந்தது.

"அம்மா, இருட்டா இருக்கு. நான் இங்கதான் இருக்கேன்."

ச்ச்ச்.

மூக்கரையன் இடுப்பில் சிமிழ் படாரென்று வெடித்தது. மந்திரம் சொல்ல மூக்கைத் தூக்கினான், தும்மல்தான் வந்தது. ராஜா அவனை, ஊர்க் குதிர்களுக்கெல்லாம் மண் மிதிக்க அனுப்பினார்.

வடிவாள் வீட்டுக்கு ஓடினாள்.

"யாரு?"

"நான்தாம்மா."

அம்மா தட்டைத் துழாவி எடுத்தாள்.

"எங்கடி போயிட்டே? சோறு ஆறிடுச்சு."

சோறு ஆறினாலும் கதை சூடுதான். நம்பாதவர்கள் சுவரில் காது வையுங்கள். ச்ச்ச்.