பதிமூன்று மரக்கால் வீடு

மலைகளுக்கெல்லாம் இன்னும் பெயர் வைத்து முடிக்காத காலம் அது. அந்தக் காலத்தில் கொம்பாடி என்று ஒரு சந்தை ஊர் இருந்தது. அந்தச் சந்தையில் சடையாண்டி என்று ஒரு மாட்டு வியாபாரி இருந்தான். காதைக் கொடுத்துக் கேளுங்கள். நடுவில் "எனக்குத் தெரியும்" என்று யாரும் சொல்லக் கூடாது. சடையாண்டியும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தான்.

அந்த நாட்டில் காசு கிடையாது. நெல்தான் காசு. பன்னிரண்டு மரக்கால் நெல் ஒரு கலம். மாட்டுக்கும் நெல், துணிக்கும் நெல், கல்யாணச் சீருக்கும் நெல்.

கொம்பாடிச் சந்தையில் விலையை வாயால் பேச மாட்டார்கள். வாங்குகிறவனும் விற்கிறவனும் கையை நீட்டுவார்கள். மேலே ஒரு துண்டைப் போடுவார்கள். துண்டுக்குள் விரலைப் பிடித்து விலை சொல்வார்கள். பக்கத்தில் நிற்கிறவனுக்குத் துண்டு நெளிவது மட்டும்தான் தெரியும். யார் துண்டை நீட்டினாலும் மற்றவன் கை வைத்தே ஆக வேண்டும். அது சந்தைக் கட்டு.

அந்தத் துண்டுக்குள் சடையாண்டியின் விரல் போனால் இடுக்கி மாதிரி. பத்து வயதில் சாணி அள்ள வந்தவன். உதை வாங்கி, ஏமாந்து, ஏமாந்த இடத்திலேயே முளைத்தவன். கோபம் மூக்கு நுனியில் நிற்கும். விலையைக் குறைக்காமல் ஒரு உப்புக் கல்லைக்கூட வாங்கியது கிடையாது.

ஆனால் குடியிருந்தது சந்தை ஓரத்து ஓலைக் கொட்டகையில். மழை வந்தால் அவனும் அவன் மனைவி காத்தாயியும் ஆளுக்கொரு மூலையில் சட்டி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள்.

"ஊர் மாட்டுக்கெல்லாம் கொட்டில் பார்த்துக் கட்டுறீங்க. நான் ஒரு மாடாப் பிறந்திருக்கலாம்" என்பாள் காத்தாயி.

அந்தச் சொல் அவனுக்குச் சுருக்கென்று தைத்தது. ஆற்றங்கரைத் தெருவில் கல் சுவர் வைத்து, ஓடு போட்ட ஒரு வீடு விலைக்கு வந்தது. விலை நூறு கலம். சடையாண்டியிடம் நூறு கலம் ஏது? களஞ்சியக்காரர் அரியநாதரிடம் போனான். அவர் மெல்லிய ஆள், மெல்லிய குரல். நெல் இல்லாதவனுக்கு நெல் கொடுத்து, கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்ப வாங்குகிறவர்.

"நூறு கலத்தை நான் கொடுத்துடறேன், சடையா. நூறு கலம் பாக்கி நிக்கிற வரைக்கும் மாசம் ஒரு கலம் அதுக்குக் கூலி. பாக்கி குறைஞ்சா கூலியும் குறையும். நீ மாசம் இருபத்து நாலு மரக்கால் அளந்துடு. ரெண்டு மாசம் சேர்ந்தாப்புல தவறினா வீடு எனக்கு, அளந்ததும் எனக்கு" என்றார்.

சடையாண்டி காதில் விழுந்தது ஒன்றே ஒன்று. இருபத்து நாலு. யாரோ விலை சொல்லிவிட்டார்கள்! கை தானாகத் துண்டை எடுத்தது.

முதல் தடவை விரலை மடக்கினான். பதினெட்டு மரக்கால். "காலத்தைக் கொஞ்சம் தள்ளிக்குவோம்" என்றார் அரியநாதர். சடையாண்டி ஜெயித்தான். அரியநாதர் சிரித்தார்.

இரண்டாம் தடவை மடக்கினான். பதினைந்து மரக்கால். "இன்னும் கொஞ்சம் தள்ளிக்குவோம்" என்றார். சடையாண்டி ஜெயித்தான். அரியநாதர் சிரித்தார்.

மூன்றாம் தடவை, நகம் பதியப் பிடித்தான். பதிமூன்று மரக்கால். "அதுக்கென்ன, இன்னும் தள்ளிக்குவோம்" என்றார். சடையாண்டி ஜெயித்தான். அரியநாதர் சிரித்தார். இந்தத் தடவை காவி ஏறிய தாம்பூலப் பல் எல்லாம் தெரியச் சிரித்தார்.

வீட்டுக்கு ஓடி வந்தான். "காத்தாயி! இருபத்து நாலு கேட்ட மனுஷன். பதிமூணுக்கு இறக்கிட்டேன். பாதிக்குப் பாதி!"

"எத்தனை வருஷத்துக்கு?"

"வருஷத்தை எவனாவது பேரம் பேசுவானா? மாசம் பதிமூணுடி, பதிமூணு!"

ஓட்டு வீட்டில் பால் காய்ச்சினார்கள். சந்தை முழுக்க விருந்து. மாசம் மிச்சமாகிற மரக்கால்களைக் கொண்டு தன் மயிலைக் காளை ஜோடியின் கொம்பு நுனிகளில் வெள்ளிக் குப்பி மாட்டினான். அந்த ஜோடி அவன் உயிர். சந்தையில் அவை நடந்து வந்தால் கூட்டம் தானே வழி விடும்.

ஒரு வருஷம் தவறாமல் அளந்தான். பதிமூன்றைப் பன்னிரண்டு தடவை. "பதிமூணு கலம் தீர்ந்தது. இனி எண்பத்தேழுதான்" என்று காத்தாயியிடம் மீசையை முறுக்கினான்.

அடுத்த மாசம் குளிர் காய்ச்சல் வந்து படுத்துவிட்டான். சந்தைக்குப் போகவில்லை. நெல் வரவில்லை. அந்த ஒரு மாசம் அளக்க முடியவில்லை. கம்பளிக்குள் கிடந்து அவன் முதல் தடவையாகப் பயந்தான். இன்னொரு மாசம் தவறினால் வீடு போய்விடும்.

எழுந்து நடக்க முடிந்ததும் நேரே அரியநாதரிடம் போனான்.

"ஐயா, பாக்கி எவ்வளவு நிக்குது?"

"நூறு கலம்."

"அது ஆரம்பத்துல. இப்ப எவ்வளவு?"

"இப்பவும் நூறு கலம்தான், சடையா."

சடையாண்டிக்குக் கண்ணைக் கட்டியது. காய்ச்சல் திரும்பி வந்துவிட்டதோ என்று நெற்றியைத் தொட்டுப் பார்த்தான். குளிர்ந்துதான் இருந்தது.

"நான் அளந்த பதிமூணு கலம் எங்கய்யா போச்சு? எலி தின்னுச்சா? ஆத்துல போச்சா?"

"கணக்கு சரியாத்தான் இருக்கு. யாரை வேணும்னாலும் கேளு" என்றார் அரியநாதர். சிரித்தார்.

சடையாண்டி மரக்காலைச் சந்தேகப்பட்டான். கடைத்தெருவில் புது மரக்கால் ஒன்று வாங்கி, களஞ்சியத்து மரக்காலில் இருந்த நெல்லை அதில் கொட்டிப் பார்த்தான். ஒரு மணி கூடவில்லை, ஒரு மணி குறையவில்லை.

அளக்கிறவனைச் சந்தேகப்பட்டான். தூணுக்குப் பின்னால் ஒளிந்து நின்று பார்த்தான். அவன் கூம்பாக்கி அளக்கவில்லை. ஒழுங்காகத் தலை தட்டித்தான் அளந்தான். தூணுக்குப் பின்னால் ஒளிந்ததற்காக நாய் துரத்தியதுதான் மிச்சம்.

கடைசியில் அரியநாதரையே சந்தேகப்பட்டு ஊர் நாட்டாண்மையிடம் போய்க் கத்தினான். நாட்டாண்மை கூழாங்கல் வைத்து எண்ணிப் பார்த்தார். "கணக்கு சரிதாம்ப்பா. கூலி போக மிச்சம்தானே கழியும்? போய்ப் பொழப்பைப் பாரு" என்றார்.

கூலி போக மிச்சம். கூலி போக மிச்சம். சொல்லைத் திருப்பித் திருப்பிச் சொல்லிக்கொண்டே நடந்தான். தமிழில்தான் சொன்னார்கள், ஒன்றும் விளங்கவில்லை. மரக்கால் சரி, ஆள் சரி, கணக்கு சரி. எல்லாம் சரியாக இருக்கிறது, நெல்லை மட்டும் காணோம். திருடன் இல்லாத வீட்டில் எப்படித் திருட்டுப் போகும்? தெருவில் எதிரே வந்தவர்களுக்கு வழி விடவும் தோன்றவில்லை. ஒரு ஆட்டுக்குட்டி மேலேயே மோதி, அதனிடமும் சண்டை போட்டான்.

அன்றைக்கென்று பார்த்து, கொட்டிலில் அவனுக்காகக் காத்திருந்தான் மாரப்பன். இவன் எண்ணெய் செக்கு ஆட்டுகிறவன். ஆறு மாசத்துக்கு முன்னால் செக்குக்கு ஒரு எருது விலை பேசியிருந்தான். கையில் முழு நெல் இல்லை. கொம்பாடியில் அதற்கும் ஒரு வழக்கம் உண்டு. விலை முழுசாக வந்து சேரும்வரை மாடு விற்றவன் கொட்டிலிலேயே நிற்கும். தீனிச் செலவு வாங்குகிறவனுடையது.

"அண்ணே, நியாயமா இது?" என்றான் மாரப்பன். குரல் அழுகிற குரல். "ஆறு மாசமாக் கொண்டாந்து கொட்டுறேன். செக்கு சும்மா கிடக்கு, என் பொண்டாட்டி இழுக்கறா. மாடு இன்னும் உங்க கொட்டில்லேயே நிக்குது. கேட்டா விலையில பாதிகூட வரலேங்கறீங்க. என் நெல்லு எங்கண்ணே போச்சு?"

அவ்வளவுதான். சடையாண்டி வெடித்தான்.

"ஏண்டா, மாடு வாயைக் கட்டிக்கிட்டா நிக்குது? தினம் திங்காதா? நீ கொண்டு வர்றதுல முதல்ல அது தின்னதுக்குப் போகும். அப்புறம் மிச்சம் இருந்தாத்தான் விலையில சேரும். நீ ஒரு பிடி ஒரு பிடியாக் கொண்டு வந்தா அது தீனிக்கே சரியாப் போகும்டா! நீ கிழவனானாலும் மாடு இங்கயேதான் நிக்கும்! தின்னுக்கிட்டே நிக்கும்! பன்னிரண்டைத் தின்னுட்டு ஒண்ணை..."

நிறுத்தினான். வாய் திறந்தபடியே இருந்தது.

பன்னிரண்டு மரக்கால் எங்கிருந்து வந்தது? மாரப்பனின் எருது அவ்வளவு தின்னாதே. எது பன்னிரண்டைத் தின்றது?

நூறு கலக் கடன் தின்றது. அது அரியநாதரின் கொட்டிலில் கட்டிக் கிடந்த எருது. மாசம் ஒரு கலம், பன்னிரண்டு மரக்கால், அதற்குத் தீனி. சடையாண்டி கொண்டு போய்க் கொட்டியது பதிமூன்று. அது பன்னிரண்டைத் தின்றுவிட்டு, ஒன்றை மட்டும் விலையில் சேர்த்தது. ஒரு வருஷம் ஒன்று ஒன்றாகச் சேர்ந்து ஒரு கலம் ஆனது. காய்ச்சலில் படுத்த மாசம் தீனி வரவில்லை. எருது பட்டினி கிடக்குமா? சேர்ந்திருந்த அந்த ஒரு கலத்தையும் தின்றுவிட்டது.

சடையாண்டி வைக்கோல் மேல் பொத்தென்று உட்கார்ந்தான். மாரப்பன் பயந்துபோய்த் தண்ணீர் கொண்டு வந்தான். அதைக் குடிக்காமல் கையில் வைத்துக்கொண்டு எண்ண ஆரம்பித்தான். பதிமூன்றாக அளந்தால் எருதைக் கையில் பிடிக்க இருபத்தோரு வருஷத்துக்கும் மேல் ஆகும். இப்போதே அவனுக்கு ஐம்பது நெருங்குகிறது. எழுபதிலும் மாட்டு வாலைப் பிடித்துக்கொண்டு ஓட வேண்டும். ஓட முடியாத இரண்டே மாசம் சேர்ந்து வந்தால், காத்தாயி மறுபடி சட்டியோடு மூலையில். அப்படியே ஓடி முடித்தாலும், ஒரு வீட்டுக்கு மூன்று வீட்டு நெல் போயிருக்கும். மூன்றுக்குக் கொஞ்சம்தான் குறையும்.

முதலில் கேட்ட இருபத்து நாலு மரக்காலுக்கு? எண்ணினான். ஆறு வருஷம்கூட ஆகாது. ஒன்றரை வீட்டு நெல்கூட ஆகாது.

தன்னை யாருமே ஏமாற்றவில்லை என்பதுதான் அவனுக்கு ஆறவில்லை. திட்டுவதற்கு ஓர் ஆள் வேண்டுமே! மூன்று தடவை விரலை மடக்கியது அவன் கைதான்.

"மாரப்பா, மாட்டை அவுத்து ஓட்டிக்கிட்டுப் போ. மிச்ச விலையை அறுவடைக்குத் தா. இனிமே தீனி உன் வீட்ல, வேலையும் உன் வீட்ல."

"நெசமாவாண்ணே?"

"போடான்னா! மனசு மாறுறதுக்குள்ள போ."

மறுநாள் சந்தை. சடையாண்டி மயிலை ஜோடியை ஓட்டி வந்தான். வெள்ளிக் குப்பியோடு நாற்பது கலத்துக்கு விற்றான். காளைகள் திரும்பிப் பார்த்தன. சடையாண்டி திரும்பிப் பார்க்கவில்லை.

நெல் வண்டிகளோடு நேரே அரியநாதர் முன்னால் போய் நின்றான். "இந்த நாற்பது கலம் தீனிக்கு இல்லைய்யா. விலையில கழிச்சுக்குங்க. இனி அறுபதுதான் பாக்கி" என்றான். பிறகு துண்டை நீட்டினான். கூட்டம் கூடிவிட்டது. சந்தைக் கட்டை மீற முடியுமா? அரியநாதர் கை வைத்தார்.

முதல் தடவை சடையாண்டி விரலை நீட்டினான். பதினைந்து.

"என்னப்பா இது? எதுக்கு உடம்பை வருத்திக்கிற? பதிமூணே போதும்" என்றார் அரியநாதர், வாய் விட்டு.

இரண்டாம் தடவை நீட்டினான். பதினெட்டு.

"காய்ச்சல்ல கிடந்து எழுந்தவன் நீ. வேணும்னா பதினொண்ணாக் குறைச்சுக்கறேன். காலத்தைத் தள்ளிக்குவோம்."

கூட்டத்தில் ஒருவன் கத்தினான்: "அதிகமா அளக்கிறேங்கறவனை வேண்டாம்ங்கறவரை இன்னைக்குத்தாய்யா பார்க்கிறேன்!" சந்தையே சிரித்தது. சிரித்துக்கொண்டிருந்த சிலர் சட்டென்று நிறுத்தினார்கள். அவர்களும் அரியநாதரிடம் நெல் வாங்கியவர்கள்.

மூன்றாம் தடவை, நகம் பதிய நீட்டினான். இருபத்து நாலு. அரியநாதர் முதல் நாள் தன் வாயால் கேட்ட அதே இருபத்து நாலு. தான் கேட்டதையே வேண்டாம் என்று எந்த வாயால் சொல்வது? "சரி" என்றார்.

கொம்பாடிச் சந்தையில் அன்றைக்குத்தான் சடையாண்டி பேரத்தில் தோற்றான். அரியநாதர் சிரிக்கவில்லை.

அப்புறம் விருந்து இல்லை, வெள்ளிக் குப்பி இல்லை. சடையாண்டி மூன்று வருஷம் கூழைக் குடித்தான், கோபத்தையும் விழுங்கினான். மூன்றாவது வருஷக் கடைசியில், ஒரு மழை நாளில், கடைசி மரக்காலைத் தலை தட்டி அளந்துவிட்டு நனைந்துகொண்டே வீட்டுக்கு வந்தான்.

"என்னங்க, முடிஞ்சுதா?" என்றாள் காத்தாயி.

"எருது செத்துப்போச்சு" என்றான்.

அவளுக்கு ஒன்றும் புரியவில்லை. ஓட்டின் மேல் மழை அடித்தது. பழைய பழக்கத்தில் சட்டியை எடுக்க எழுந்தவள், ஒழுகவில்லை என்பது ஞாபகம் வந்து, மறுபடி உட்கார்ந்தாள்.

கேட்டீர்களா? கடனுக்கு வீடு வாங்குகிறவன், மாசம் எவ்வளவு என்று கேட்பதற்கு முன்னால், கடைசி மாசம் வரைக்கும் மொத்தம் எவ்வளவு என்று கேட்க வேண்டும்.