வலித்த நகம் ஒன்றுதான்

குளக்கரையில் ஒரு செவலைப் பூனை நொண்டி நொண்டிச் சுற்றிக்கொண்டிருந்தது. உட்காரும், எழும், பக்கத்து மருத மரத்தை அண்ணாந்து பார்க்கும், மறுபடியும் சுற்றும். யாருக்கும் அடங்காத பூனை அது.

அதன் முன்னங்காலில் கட்டைவிரல் நகம் தரையில் படாமல், தேயாமல், வளைந்து வளர்ந்து சதையிலேயே குத்திவிட்டது. மரப்பொந்தில் மூன்று குட்டிகள் காலையிலிருந்து பாலுக்குக் கத்துகின்றன. தாயால் ஏற முடியவில்லை. பாவம்!

"நான் கடிச்சு எடுத்துடறேன்!" என்று குதித்து வந்தது குரங்கு. கேட்காமல் கொள்ளாமல் பூனையின் கழுத்தைப் பிடித்து அமுக்கியது. அவ்வளவுதான்! அடுத்த நொடி குரங்கின் மூக்கில் நாலு கோடு.

"உதவ வந்தா பிறாண்டுவியா?"

"அமுக்குறதுக்குப் பேர் உதவியா? தொடாதே என்னை!"

வளையிலிருந்து நண்டு எட்டிப் பார்த்தது. "நான் வெட்டிவிடறேன். ஆனா முதல்ல அந்தப் பள்ளத்துல துள்ளுற மீனைத் தின்னுட்டு வா. பசிச்ச பூனைகிட்ட வர எனக்கென்ன கிறுக்கா?"

பூனை தின்றுவிட்டு வந்து படுத்தது. படுத்தது எங்கே! தவளை குதித்தால் துள்ளியது. சருகு அசைந்தால் துள்ளியது. குட்டி கத்தினால் எழுந்தே ஓடியது.

நண்டு கோபிக்கவில்லை. "குரங்கே, ஒரு தேக்கிலையை அது தலைமேல போடு. போட்டுட்டு நகர்ந்துடு" என்றது.

கண் மறைந்ததும் பூனையின் படபடப்பு கொஞ்சம் தணிந்தது. நண்டு மெல்ல அதன் காலைத் தொட்டது. பூனை காலை இழுத்துக்கொண்டது. நண்டு காத்திருந்தது. மறுபடி தொட்டது. பூனை மறுபடியும் இழுத்தது. மூன்றாம் முறை இழுக்கவில்லை.

நறுக்! நகத்தின் நுனி துண்டானது. சதையில் குத்தியிருந்த துண்டையும் நண்டு பதமாக உருவி எடுத்தது.

"அக்கா, மிச்ச நகத்தையும் ஒட்ட வெட்டச் சொல்லு! இனி இந்தத் தொல்லையே வராது!" என்று புதருக்குள்ளிருந்து தேனாய் ஒரு குரல் வந்தது. காலையிலிருந்தே அங்கே பதுங்கியிருந்த நரிதான்!

"ஆமா, ஒட்ட வெட்டு!" என்றது மூக்கைத் தடவிய குரங்கு. யார் சொன்னது என்றுகூட அது பார்க்கவில்லை.

"சரி, எல்லாத்தையும் வெட்டு! சீக்கிரம்! நான் குட்டிங்ககிட்ட போகணும்!" என்று பூனையும் அவசரப்பட்டது.

"மாட்டேன்" என்றது நண்டு. "நகத்துக்குள்ள சிவப்பா ஓடுறது ரத்தம். அங்க வெட்டினா கொட்டும். மிச்ச நகமெல்லாம் உன்னை என்ன பண்ணுச்சு? எதை வச்சு மரம் ஏறுவ?"

பேசும்போதே அதன் ஒரு கண் புதர்ப்பக்கம் திரும்பியது. புதர் அசைந்தது.

"ஏறு! ஓடி ஏறு!" என்று நண்டு கத்தியது.

நரி பாய்ந்தது. பூனையும் பாய்ந்தது. மரப்பட்டையில் நகங்கள் பரபரவென்று பதிந்தன. நரியின் வாயில் சிக்கியது தேக்கிலை மட்டும்தான்.

மேலே பொந்துக்குள் பால் கிடைத்த குட்டிகளின் கத்தல் ஒவ்வொன்றாக நின்றது. குரங்கு நண்டை உற்றுப் பார்த்தது. நண்டின் மேல் ஒரு கீறல்கூட இல்லை!

உதவப் போகிறவர் முதலில் பயத்தைப் போக்கி, வலிக்கிறதை மட்டும் நீக்க வேண்டும். அவர் பிழைப்பதற்காக வைத்திருப்பதைத் தொடக்கூடாது.