ஐந்து முறை நடந்த மரகதம்

"'போன தடவை வந்தவங்க நீங்க, அடுத்த தடவை போயிடுவீங்க. விருந்தாளிக்கு யாராவது வீடு கட்டித் தருவாங்களா?' இதுதான் மகாராஜா, வடக்குத் தொகுதி உறுப்பினர் என்கிட்டே சொன்னது. ஒரு வார்த்தை நான் கூட்டலை, குறைக்கலை."

செங்கமலம் சபை நடுவில் நின்று இதைச் சொன்னபோது, வடக்குத் தொகுதி உறுப்பினர் மேல்கூரையில் ஏதோ அதிசயத்தைக் கண்டவர்போல அண்ணாந்துகொண்டார்.

ரொம்பக் காலத்துக்கு முன்னால் பொழிலூர் நாட்டை நித்தியவர்மர் என்றொரு ராஜா ஆண்டுவந்தார். காலையில் ஒரு மனசு, மத்தியானம் ஒரு மனசு. அவர் நாட்டில் பன்னிரண்டு தொகுதிகள். ஐந்து வருஷத்துக்கு ஒரு தரம் ஜனங்கள் ஓலையில் பேர் எழுதிக் குடத்தில் போட்டு, தொகுதிக்கு ஒருத்தரைச் சபைக்கு அனுப்புவார்கள். படுக்கையும் அடுப்பும் ஒரே தொகுதியில் இருப்பவன்தான் போட்டியிடலாம் என்பது சட்டம். மனுஷன் எல்லை போட்டால் தன் பக்கம் வளைத்துக்கொள்வான் என்று, ஒவ்வொரு தேர்தலுக்கு முன்னாலும் அரண்மனைப் பெண் யானை மரகதத்தை நடக்கவிடுவார்கள். அவள் கால் பட்ட தடம்தான் எல்லை. அதை எதிர்த்துப் பேச ராஜாவுக்கே உரிமை கிடையாது.

யானையைக் கவனித்துக்கொள்ளும் பொறுப்பு கிழக்குத் தொகுதி உறுப்பினரான கோலாகலராயருக்கு. செங்கமலத்தின் ஊரான கிளிக்குளம் முதலில் அவர் தொகுதியில்தான் இருந்தது. ஒரு தேர்தலில் ஊரே அவருக்கு எதிராக ஓலை போட்டது. அடுத்த நடையில் மரகதம் ஊரைச் சுற்றிக்கொண்டு போய்விட்டாள். கிளிக்குளம் மேற்கில் விழுந்தது. அப்புறம் தெற்கு, அப்புறம் மறுபடி மேற்கு, இப்போது வடக்கு. இந்த நாலு நடையில், உடைந்துபோன ஏரி மதகைப் பற்றிச் சபையில் பேச ஒரு உறுப்பினரும் வாயைத் திறக்கவில்லை. இன்னொரு பெருமழை வந்தால் ஊர் ஏரிக்குள்ளே.

"யானை நடக்கலை மகாராஜா, நடத்தப்படுது" என்றாள் செங்கமலம்.

ராயர் சிரித்தார். தெய்வ வாக்கு மாதிரி வருகிற நடையைச் சந்தேகப்படுகிறவளுக்குச் சட்டி கழுவத்தான் தெரியும் என்றார். சட்டி கழுவுகிறவளுக்குத்தான் அடியில் என்ன ஒட்டியிருக்கிறது என்று தெரியும் என்று அவள் சொன்னதும் ராஜாவுக்குக் குஷி பிறந்துவிட்டது. நாளைக்கு அடுத்த நடை. பொழுது சாய்வதற்குள் நிரூபித்தால் சரி. இல்லையென்றால் கிளிக்குளத்துக்கு இனி எந்தத் தொகுதியும் இல்லை, ஓலையும் இல்லை என்று தீர்ப்பு சொல்லிவிட்டுச் சாப்பிடப் போய்விட்டார்.

செங்கமலம் ஒன்றும் சும்மா வாய் விட்டவள் இல்லை. சாணி பொறுக்கப் போகும் பெண்களுக்கு ஒவ்வொரு நடைக்கும் மறுநாள் எல்லையோரத் தரிசு நிலத்தில் கரும்புத் துண்டு கிடைக்கும். சுற்றிப் பத்துக் காத தூரத்துக்கு அந்தப் பக்கம் கரும்பே விளையாது. மரகதம் கரும்பு வாசனைக்கு உயிரைக் கொடுப்பவள் என்பது ஊருக்கே தெரியும்.

விடிந்ததும் கிளிக்குளத்துப் பெண்கள் கூடையோடு கிளம்பினார்கள். ராயரின் ஆட்கள் புதர்களுக்குள் ஒளித்துவைத்திருந்த கரும்பை எல்லாம் எடுத்துக் கூடையில் போட்டு மேலே சாணியைப் பரப்பினார்கள். சாணிக் கூடையை எந்தச் சேவகன் கிளறப் போகிறான்? அந்தக் கரும்பை வேறு வழியில் இடையிடையே வைத்துக்கொண்டே போய், கடைசிக் கரும்புக் கட்டை ராயர் வீட்டுக் கொல்லையில், கிணற்றடியில் சாய்த்துவிட்டு வந்தார்கள்.

மரகதம் முன்னே போனாள். பின்னால் புழுதிக்குள் ராஜாவின் பல்லக்கு, சபையோர், ஜனங்கள். வழக்கமாகத் திரும்பும் ஆலமரத்தில் அவள் திரும்பவில்லை. நேரே ராயர் தெருவுக்குள் புகுந்தாள். ஆரத்தித் தட்டோடு நின்றிருந்த ராயர் மனைவியை நாசூக்காக ஒதுக்கிவிட்டு, கூடத்தில் நுழைந்து, முற்றத்தைக் கடந்து, சமையலறைச் சுவரை லேசாகத் தள்ளிக்கொண்டு கொல்லைக்குப் போனாள். பல்லக்கு வாசலில் வந்து நின்றபோது கிணற்றடியில் அவள் காதை ஆட்டிக்கொண்டு நின்றாள். கரும்பு ஒரு சக்கைகூட மிச்சமில்லை.

"ராயரே, உமது படுக்கையறை கிழக்கில். அடுப்பு மேற்கில். போட்டியிட முடியாது போலிருக்கிறதே" என்றார் ராஜா.

ராயர் பல்லக்கருகே ஓடி வந்தார். "இது நடையே இல்லை மகாராஜா. யாரோ கரும்பைக் காட்டி இழுத்திருக்கிறார்கள்."

"கரும்பா?" ராஜா சுற்றுமுற்றும் பார்த்தார். "எங்கே ஐயா கரும்பு?"



செங்கமலம் முன்னால் வந்தாள். "ரெண்டில் ஒண்ணை ராயர் ஐயாவே சொல்லட்டும். யானை நடை தெய்வ வாக்குன்னா, அவர் வீடு ரெண்டாப் போச்சு. கரும்புக்கு நடக்கிற நடைன்னா, முன்னே நடந்த நாலும் செல்லாது."

வீடு ரெண்டாகிப் போட்டியிடும் உரிமை போக யாருக்கு மனசு வரும்? ராயர் தரையைப் பார்த்துக்கொண்டே கரும்புதான் என்றார். நாலும் எப்படி நடந்தன என்பதையும் அவர் வாயாலேயே சொல்லவைத்தார் ராஜா. சபைப் பதவி போயிற்று. இனி மரகதத்தின் கொட்டடியைத் தினமும் கூட்டிப் பெருக்குவது ராயரின் வேலை; அதற்கான துடைப்பத்தை அவர் வீட்டுக் கொல்லையிலிருந்தே ராஜா எடுத்துக் கொடுத்தார். தன் பட்டுச் சால்வையைச் செங்கமலத்தின் தோளில் போட்டு, இவ்வளவு சிரித்து வருஷக்கணக்காயிற்று என்று சொல்லிவிட்டுப் பல்லக்கில் ஏறினார். நாலு நடையும் ரத்து, புது ஏற்பாட்டைச் சபை நிதானமாக யோசிக்கட்டும் என்று திரைக்குள்ளிருந்து குரல் மட்டும் வந்தது. பல்லக்கு போயே போய்விட்டது.

உறுப்பினர்கள் மட்டும் தெருவில் நின்றார்கள். செங்கமலம் முதலில் வடக்குத் தொகுதிக்காரரிடம் போனாள். நடை ரத்தாகிவிட்டதே, இனி கிளிக்குளம் தன்னுடையது இல்லையே என்று அவர் கையை விரித்தார். மேற்கும் தெற்கும் அதையே சொன்னார்கள். கிழக்குக்கு ஆளே இல்லை. மற்றவர்கள் என்றைக்கும் தங்களுடையதாக இல்லாத ஊரைப் பற்றி என்ன சொல்வது என்று விழித்தார்கள்.

ஏரிப் பக்கம் வானம் கறுத்துக்கொண்டு வந்தது. செங்கமலம் பட்டுச் சால்வையை மடித்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டாள்.

"சரி, நாங்க யாரோட ஊருன்னு அப்புறம் பேசி முடிவு பண்ணுங்க. மழைக்கு முன்னாடி, உங்களில் ஒருத்தர், யாராவது ஒருத்தர், அந்த மதகை வந்து பாருங்களேன்."