வெயிலாளைக் கூப்பிட்ட தாழை

அந்தக் காலத்தில் எதைப் பேர் சொல்லிக் கூப்பிட்டாலும் அது வந்து நிற்கும். பறவையும் வெயிலும் மழையும் மனிதரோடு வாய் திறந்து பேசிக்கொண்டிருந்த காலம் அது. அதனால் பிள்ளைக்குப் பேர் வைப்பதென்றால் பெற்றவர்கள் பயந்து பயந்துதான் வைப்பார்கள். கிழக்குக் கடற்கரையில் உப்பு விளைவித்துப் பிழைத்தவர்கள் இதில் ரொம்பவே உஷார். வந்தாலும் தொந்தரவு இல்லாத சாமானாகப் பார்த்துத்தான் பேர் எடுப்பார்கள்.

அங்கே சங்கன் என்று ஒருவன் இருந்தான். யாராவது அவனைக் கூப்பிட்டால் அவனுக்கு முன்னால் நாலு சங்கு வாசலுக்கு உருண்டு வரும். காலால் ஒதுக்கிவிட்டு அவன் பாட்டுக்குப் போவான். அவன் பெண்டாட்டி பேர் தாழை. அவளைக் கூப்பிட்டால் தாழம்பூ வாசம் வீட்டுக்குள் வந்துவிடும். அதற்காகவே அவன் வேலை இருக்கிறதோ இல்லையோ, நாளைக்குப் பத்துத் தடவை அவளைக் கூப்பிடுவான். ஆனால் வெயில், மழை, புயல் என்று மட்டும் யாரும் பேர் வைத்ததில்லை. அதெல்லாம் வீடு தேடி வந்தால் யார் தாங்குவது?

தாழைக்கு முதலில் பிறந்தது ஆண்பிள்ளை. அது பிறந்த வருஷம் உப்பு விளைகிற நேரம் பார்த்து மழை வந்தது. பாத்தியில் இருந்ததெல்லாம் கரைந்து கடலோடு போய்விட்டது. உப்பைக் கொடுத்து நெல் வாங்கிச் சாப்பிடுகிற சனம் என்ன செய்யும்? தாழைக்குக் கஞ்சி இல்லை, பிள்ளைக்குப் பால் இல்லை. நாற்பது நாள்கூடத் தங்காமல் அது போய்விட்டது. அதற்குப் பிறகும் இரண்டு வருஷம் மழை அதே மாதிரி வந்தது. மூன்றாவது வருஷம் ஒரு மழை நாளில் பெண்பிள்ளை பிறந்தது.

"உப்பு கரையுத அன்னைக்குன்னு நாள் பாத்துப் பொறந்திருக்கா பாரு, ஒம்மவ," என்றான் சங்கன். கேலியாகத்தான் சொன்னான். தாழைக்குச் சிரிப்பு வரவில்லை. இதையும் மண்ணில் வைக்க வேண்டி வருமோ என்று பயந்தாள்.

பதினாறாம் நாள் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டு அவள் சொன்னாள்: "இவ பேரு வெயிலாள்."

கூடியிருந்தவர்கள் இரண்டடி பின்னால் நகர்ந்தார்கள். வரப்பில் நின்ற ஆட்காட்டிக் குருவி மட்டும் பதறிக்கொண்டு வந்தது.

"வேண்டாம் தாழை. வரச் சொல்லப் பேரு இருக்கு. போவச் சொல்ல ஒங்கிட்ட என்ன இருக்கு?"

"கத்துறது ஒனக்கு ஒரு வேலை," என்றாள் தாழை. "எம்பிள்ள பட்டினி கெடக்கக் கூடாது. எனக்கு வேற ஒண்ணும் தெரியாது."

பிறகு குழந்தையின் காதில் மூன்று தரம் பேரைச் சொன்னாள். மூன்றாவது தரம் சொல்லி முடிக்கையில் மேகம் விலகி, வெயில் வாசலில் வந்து நின்றது.

அந்த வருஷம் விளைந்த உப்பைப் போல அந்தக் கரையில் அதுவரை யாரும் பார்த்ததில்லை. மேகம் கறுக்கிறது என்றால் உப்பளத்துச் சனம் முழுக்கத் தாழை வீட்டுக்கு ஓடிவரும். "ஏட்டி தாழை, பிள்ளையக் கொஞ்சம் கூப்புடேன்," என்பார்கள். தாழை கொஞ்சிக் கொஞ்சிக் கூப்பிடுவாள். வெயிலாளே, என் கண்ணே, வெயிலாளே என்று அவள் கூப்பிடக் கூப்பிட மழை கிட்டவே வராமல் திரும்பிப் போனது. உப்பு மலை மாதிரி குவிந்தது. எல்லார் வீட்டிலும் சோறு வெந்தது. தாழையைத் தலையில் வைத்துக் கொண்டாடினார்கள்.

குருவி சொன்னது ஐந்தாம் வருஷம்தான் அவளுக்கு உறைத்தது. குடிதண்ணீர் எடுக்கிற ஊற்று வற்றியது. ஆடுகள் நின்ற இடத்திலேயே விழுந்தன. வந்த வெயில் போகவே இல்லை. பகல் நாளுக்கு நாள் நீண்டது. இனிமேல் கூப்பிடாதே என்று சனமே வந்து சொன்னது. கூப்பிடச் சொன்னதும் அவர்கள்தான், ஆனால் அதை இப்போது யாரும் நினைத்துப் பார்க்கவில்லை.

அன்றிலிருந்து தாழை மகளை இந்தா என்றும் ஏளா என்றும்தான் கூப்பிட்டாள். தூரத்தில் இருந்தால் கை தட்டுவாள். வெயிலாளுக்கு அப்போது ஐந்து வயது.

"ஏம்மா என்னையப் பேர் சொல்லிக் கூப்பிட மாட்டேங்க? எம்மேல கோவமா?"

"கோவம் இல்ல தாயி. வெயில் வந்துரும்."

"நீ சும்மா சொல்லுத. ஒனக்கு என்னையப் பிடிக்கல."

தாழை அவளை இழுத்து அணைத்துக்கொண்டாள். பேரை மட்டும் சொல்லவில்லை. அதைவிட வேறு என்ன செய்திருக்க முடியும் என்று எனக்கும் தெரியவில்லை.

மறுநாள் உச்சிப்பொழுதில் பிள்ளையைக் காணவில்லை. கோபித்துக்கொண்டு போய் ஒளிந்துவிட்டாள். பேர் சொல்லிக் கூப்பிட்டால்தான் வெளியே வருவது என்ற முடிவோடு போயிருந்தாள். தாழை வீடுவீடாகப் பார்த்தாள். வரப்பு வரப்பாக ஓடினாள். எந்தப் பக்கம் திரும்பினாலும் உப்பின் வெள்ளையும் கானலும்தான் தெரிந்தது. கை தட்டினாள், பதில் இல்லை. சங்கன் தெற்கே தேடிப் போனான். நேரம் போய்க்கொண்டே இருந்தது. இந்த வெயிலில் ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லாமல் பிள்ளை எங்கேயோ கிடக்கிறாள். கூப்பிட்டால் வெயில் இன்னும் கிட்ட வரும். கூப்பிடாவிட்டால் அவள் வரமாட்டாள்.

ஒரு தாய் எவ்வளவு நேரம்தான் வாயை மூடிக்கொண்டு நிற்பாள்? தாழை கூப்பிட்டுவிட்டாள்.

"வெயிலாளே."

வெயில் ஒரு முழம் கீழே இறங்கியது. அவள் மறுபடியும் கூப்பிட்டாள். ஏழு தரம் கூப்பிட்டாள். ஏழாவது தரம் பாத்தித் தண்ணீர் புகைந்தது, வரப்பு மண் வெடித்தது.

"தாழை, இங்க வா, இங்க வா," என்று ஆட்காட்டிக் குருவி வடக்கேயிருந்து கத்தியது. கடைசி உப்புக் குவியலுக்குப் பின்னால் வெயிலாள் சுருண்டு கிடந்தாள். உதடு வெடித்திருந்தது. தாழை ஓடிப்போய்த் தன் முந்தானையால் அவளுக்கு நிழல் பிடித்தாள்.

பிள்ளை கண்ணைத் திறந்து சிரித்தாள். "கூப்பிட்டதக் கேட்டேம்மா. எந்திரிக்கத்தான் முடியல." கொஞ்சம் மூச்சு வாங்கினாள். "இன்னொரு தரம் கூப்புடும்மா."

தாழை வாயைத் திறந்தாள். தலைக்கு மேலே நின்ற வெயிலைப் பார்த்தாள். வாயை மூடிக்கொண்டாள். பிள்ளை அம்மாவின் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்படிப் பார்த்தபடியே உயிர் அடங்கிவிட்டது.

தாழை அழவில்லை. அண்ணாந்து பார்த்துக் கேட்டாள். "நான் ஒன்னையா கூப்பிட்டேன்?"

"என்னைய எல்லாரும் வையத்தான் செய்வாவ. நீ ஒருத்திதான் ஆசையாக் கூப்பிட்ட. அதான் கிட்ட வந்து நின்னேன்," என்றது வெயில். "இனிமே யாரு எம்பேரச் சொன்னாலும் திரும்பிப் பாக்க மாட்டேன் தாழை. நீ பயப்படாமக் கூப்பிட்டுக்கோ."

"இனிமே யாரைக் கூப்பிட?" என்றாள் தாழை.

வெயில் மேலே ஏறிப் போனது. அதுதான் அது மனிதரோடு பேசிய கடைசிப் பேச்சு. தூரத்தில் நின்று கேட்ட மழையும் அதே வார்த்தையைக் கொடுத்துவிட்டுத்தான் பிள்ளையின்மேல் பெய்தது. சங்கும் தாழம்பூவும்கூட அதைக் கேட்டு அதே வார்த்தையைக் கொடுத்தன. சங்கன் ஓடிவந்து, "தாழை, தாழை" என்று கதறினான். எந்த வாசமும் வரவில்லை.

இரண்டு வருஷம் கழித்து அவளுக்கு இன்னொரு பெண் பிறந்தாள். அவளுக்கு மாரி என்று பேர் வைத்தாள். இப்போது யாருக்கும் பயம் இல்லை. மாரி விளையாடப் போய்விட்டால் தாழை வரப்பில் நின்று கூப்பிடுவாள். முதலில் வெயிலாளே என்பாள். அன்றைக்குக் கூப்பிடாமல் விட்ட அந்த ஒரு தரத்தைத்தான் தினமும் கூப்பிட்டாள். கொஞ்சம் நின்று, பிறகு மாரியே என்பாள். மாரி மட்டும் ஓடிவருவாள்.

அன்று முதல்தான் அந்தக் கரையில் பெண்பிள்ளைகளுக்கு வெயிலாள் என்றும் மாரி என்றும் பேர் வைக்கிறார்கள். வீட்டில் ஒரு பிள்ளைதான் என்றாலும், சாப்பிடக் கூப்பிடுகிற தாய் வெயிலாளே, மாரியே என்று இரண்டு பேரையும் சொல்லித்தான் கூப்பிடுகிறாள்.