கலையாத சபை

செங்கரை நாட்டை இழந்த கனகராயன், ஆற்றுக்கு இந்தப் பக்கம் அயலரசன் ஒதுக்கிக் கொடுத்த பழைய உப்புக் கிடங்கில் பதினோரு வருடமாகச் சபை நடத்தி வந்தான்.

கிடங்கின் சுவர்கள் மழைக்காலத்தில் வியர்க்கும். வெயிலில் வெள்ளையாகப் பூக்கும். அரசன் அமர ஒரு மரக்கட்டில்; அதன்மேல் சிவப்புப் பட்டு. பட்டின் ஓரங்கள் உப்பேறி விறைத்திருந்தன. யானை இல்லை, யானைப்படைத் தலைவர் இருந்தார். கோட்டை இல்லை, கோட்டைக் காவலர் இருந்தார். தினமும் காலையில் அவரவர் வந்து அவரவர் இடத்தில் நின்றார்கள்.

கட்டியக்காரர் திருமேனி முன்னால் வந்து அரசனின் பட்டங்களை உரக்கச் சொல்வார். அவன் ஆண்ட ஆற்றின் பெயர், மலையின் பெயர், வென்ற போர்களின் பெயர். தோற்ற போர் ஒன்றுதான். அதைச் சொல்வதில்லை.

அக்கரையில்தான் செங்கரை நாடு. தெளிந்த நாளில் அங்கே துணி துவைப்பவர்களைப் பார்க்கலாம். புதிய ஆட்சியாளர்கள் அரசனை மட்டும்தான் உள்ளே விடமாட்டார்கள். மற்றவர்கள் ஓடம் ஏறிப் போகலாம். யாரும் தடுக்கவில்லை.

ஆனாலும் யாரும் போகவில்லை. காரணம் வெற்றிலை.

செங்கரை வழக்கப்படி, சபை முடியும்போது அரசன் ஒவ்வொருவருக்கும் தன் கையால் வெற்றிலை கொடுப்பான். அதுதான் விடை. அதை வாங்காமல் அரசனை விட்டுப் போவது துரோகம். பகைவர் கோட்டைக்குள் புகுந்த அன்று சபை பாதியில் இருந்தது. வெற்றிலை கொடுக்க நேரமில்லை. எல்லோரும் ஓடிவந்து ஓடத்தில் ஏறினார்கள். இக்கரையில் இறங்கியதும் கனகராயன் சொன்னான்:

"அந்தச் சபை இன்னும் முடியவில்லை. நம் மண்டபத்தில் போய்த்தான் அதை முடிப்போம்."

அன்று எல்லோரும் அழுதார்கள். ஈரத் துணியோடு அவன் காலைத் தொட்டுக் கும்பிட்டார்கள். அதன் பிறகு அவர்கள் இக்கரையில் சந்தைக்குப் போனார்கள், குடிசை போட்டுப் படுத்தார்கள், சிலர் செத்தும் போனார்கள். ஆற்றை மட்டும் யாரும் தாண்டவில்லை.

ஐப்பசியில் ஓடக்காரன் கிடங்கு வாசலில் வந்து நின்றான்.

"கட்டியக்காரரே, உங்க வீட்டம்மாவுக்கு முடியலை. கஞ்சிகூட இறங்கலை. உங்க பேரைச் சொல்லிக்கிட்டே இருக்காங்க."

திருமேனியின் மனைவி, படுக்கையிலிருந்த மாமியாரை விட்டுவிட்டு வர முடியாமல் அன்று அக்கரையிலேயே நின்றுவிட்டவள். மாமியார் போன பிறகு அவளுக்கே நடை போய்விட்டது.

"பேரைச் சொல்கிறாளா?" என்றார் திருமேனி. "கல்யாணமான நாளிலிருந்து அவள் என் பேரைச் சொன்னதே இல்லையே."

"இப்ப சொல்றாங்க."

திருமேனி உள்ளே வந்து அரசன் முன் நின்றார்.

"மகாராஜா, நான்கு நாள் அக்கரை போய் வர உத்தரவு வேண்டும்."

யானைப்படைத் தலைவர் குறுக்கிட்டார். "நான்கு நாளா? ஓய், பெண்டாட்டியைப் பார்க்கப் போகிறவர் நான்கு நாளில் திரும்பி வருவீரா?"

"உமக்கென்ன ஐயா. உம்முடைய யானைகள் உம்மைக் கூப்பிட்டு அனுப்பப் போவதில்லை."

சபை சிரித்தது. அரசனும் சிரித்தான்.

"தை பிறக்கட்டும், திருமேனி. இந்த ஊர் அரசர் படை தருவதாகச் சொல்லியிருக்கிறார். எல்லோரும் சேர்ந்தே போவோம். என் பட்டங்களைச் சொல்லிக்கொண்டு நீ முன்னால் நடந்து வருவதை உன் மனைவி வாசலில் நின்று பார்க்க வேண்டாமா?"

"எழுந்து நிற்கும் நிலையில் அவள் இல்லை, மகாராஜா."

"நீ போய்விட்டால் நாளைக் காலையில் நான் யார் என்று எனக்கு யார் சொல்வது?"

மறுபடி சபை சிரித்தது. திருமேனியும் சிரித்தார். அந்தச் சிரிப்பை அரசன் சம்மதம் என்று எடுத்துக்கொண்டான்.

ஓடக்காரன் வாசலிலேயே காத்திருந்தான். "வர்றீங்களா?"

"உத்தரவு ஆகவில்லை."

"ஓடத்துக்கு எதுக்குங்க உத்தரவு? காலை வெச்சா போதும்."

"அது உனக்குத் தெரியாது, அப்பா," என்றார் திருமேனி.

கார்த்திகையில் ஓடக்காரன் மறுபடி வந்தான். கொள்ளி வைத்தது பங்காளி மகன் என்றான். கூட்டம் நிறைய வந்திருந்தது என்றும் சொன்னான்.

மறுநாள் காலை திருமேனி வழக்கமான நேரத்துக்குச் சபைக்கு வந்தார். பட்டங்களைச் சொன்னார். ஆறு, மலை, போர்கள். ஒன்றும் விடுபடவில்லை. குரலும் நடுங்கவில்லை.

அன்று அரசனுக்குச் சோறு இறங்கவில்லை.

ஓடத்துறையில், பாழடைந்த சுங்கச்சாவடியில் ஒரு துறவி இருந்தார். ஓடக்கரை அடிகள் என்று அழைப்பார்கள். அரசனைவிட வயதில் சிறியவர். நாட்டை இழந்த மறுவருடத்திலிருந்து அரசன் அவரிடம் பாடம் கேட்டு வந்தான். அவர் முன்னால் தரையில்தான் உட்காருவான். அவர் போகச் சொல்லாமல் எழமாட்டான். அந்த மரியாதையில் அவன் ஒருநாளும் குறை வைத்ததில்லை. அன்றும் அவரிடம் போனான்.

"சுவாமி, கோபத்தில் நான் மறுக்கவில்லை. அவன்மேல் உள்ள பிரியத்தால்தான் மறுத்தேன். பிறகு ஏன் இப்படி உறுத்துகிறது?"

"உட்கார்," என்றார் அடிகள்.

அரசன் உட்கார்ந்தான்.

அடிகள் எழுந்து போய்த் துணி துவைத்தார். அதை உதறி உலர்த்தினார். கேழ்வரகுக் கூழ் காய்ச்சி, வெங்காயம் கடித்துக்கொண்டு குடித்தார். பிறகு சாவடி நிழலில் துண்டை விரித்துப் படுத்தார். குறட்டை கேட்டது.

வெயில் அரசனின் முதுகில் அடித்தது. பிறகு முகத்தில் அடித்தது. ஓடம் போயிற்று, வந்தது. ஓடத்திலிருந்து இறங்கிய பெண்களில் ஒருத்தி, "பாவம், யாரோ பெரிய மனுஷர். சாமி கையால மருந்து வாங்க வந்திருக்கார் போல," என்று சொல்லிக்கொண்டு போனாள்.

அடிகள் விழித்தபோது பொழுது சாய்ந்திருந்தது. அரசனுக்குக் கால் மரத்துப்போயிருந்தது.

"சுவாமி, நான் போகலாமா?"

"பேச்சு முடியவில்லையே."

"பேச்சு தொடங்கவே இல்லையே, சுவாமி."

"தொடங்கலாம். நல்ல நேரம் வரட்டும்."

"எப்போது வரும்?"

"வரும். உன்மேல் பிரியம் இல்லாமலா உட்கார வைத்திருக்கிறேன்?"

அரசன் ஆற்றைப் பார்த்தான்.

"நான் சாப்பிடாமல் அவர்கள் யாரும் சாப்பிடமாட்டார்கள், சுவாமி. திருமேனியும் பட்டினியாக இருப்பான்."

"அதுவும் வழக்கமா?"

"வழக்கம்."

"அந்தக் கிடங்கில் அது வேண்டாம் என்று நீ ஒருநாளாவது சொன்னதுண்டா?"

"இல்லை," என்றான் அரசன். பிறகு மெல்லச் சொன்னான்: "எனக்கு அது பிடித்திருந்தது."

"போ," என்றார் அடிகள்.

மறுநாள் காலை கனகராயன் சந்தைக்கு ஆளனுப்பி வெற்றிலை வாங்கிவரச் செய்தான். தட்டைப் பார்த்ததும் அமைச்சர் பெரியுடையார் பதறினார்.

"இங்கேயா, மகாராஜா? உப்புக் கிடங்கிலா? நம் மண்டபத்தில் அல்லவா..."

"நம் மண்டபத்தில் இப்போது குதிரை கட்டுகிறார்கள். ஓடக்காரன் சொல்லி ஐந்து வருடம் ஆகிறது. நீங்கள் வருந்துவீர்கள் என்று நான் சொல்லவில்லை."

பெரியுடையார் தலையைக் குனிந்துகொண்டார். "எங்களிடமும் சொன்னான், மகாராஜா. தாங்கள் வருந்துவீர்கள் என்று நாங்களும் சொல்லவில்லை."

அரசன் கட்டிலில் அமர்ந்தபடி ஒவ்வொருவராகக் கூப்பிட்டான். யானைப்படைத் தலைவர் வெற்றிலையை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

"கைக்குழந்தையாக விட்டுவிட்டு வந்தேன் என் மகளை," என்றார். "என்னை யார் என்று சொல்லி உள்ளே போவேன்?"

அவர் கதவுக்குப் பின்னாலிருந்து தன் மூட்டையை எடுத்தார். எல்லோருடைய மூட்டைகளும் அங்கே இருந்தன. முடிச்சுகளில் உப்புப் பூத்திருந்தது. அவை நேற்றுக் கட்டியவை அல்ல.

அரசன் அதைப் பார்த்தான். பார்க்காதவன்போல் அடுத்தவரைக் கூப்பிட்டான்.

நடுப்பகலுக்குள் ஓடம் திருமேனியைத் தவிர எல்லோரையும் அக்கரை சேர்த்துவிட்டது. பெரியுடையார் கடைசி நடையில் போனார். படியில் நின்று கும்பிட்டுவிட்டுப் போனார்.

தட்டில் ஒரு வெற்றிலை இருந்தது.

"வாங்கிக்கொள், திருமேனி."

"ஐப்பசியில் கேட்டேன், மகாராஜா."

அரசனின் நீட்டிய கை நீட்டியபடியே இருந்தது. திருமேனி கும்பிட்டார். சுவரோரமாகப் போய்த் தன் இடத்தில் நின்றுகொண்டார்.

மார்கழி பிறந்த பிறகு ஒருநாள் அரசன் ஓடத்துறைக்கு வந்தான். அடிகள் முன்னால் தரையில் உட்கார்ந்தான்.

"எல்லோரும் போய்விட்டார்கள், சுவாமி. திருமேனி மட்டும் போகவில்லை. எத்தனை முறை கொடுத்தாலும் வெற்றிலையை வாங்க மறுக்கிறான்."

"உன்னைத் திட்டுகிறாரா?"

"திட்டினால் பரவாயில்லையே. அவன் அழக்கூட இல்லை. மனைவியின் பெயரை ஒரு முறைகூட வாய்விட்டுச் சொல்லவில்லை. காலையானால் வந்து நிற்கிறான். யாருமில்லாத கிடங்கில் என் பட்டங்களைச் சொல்கிறான். ஆறு, மலை, போர்கள், எல்லாம். வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். இன்று காலையும் சொன்னான்."

"அவர் சொல்லும்போது நீ என்ன செய்தாய்?"

"நான் என்ன செய்வேன், சுவாமி? கட்டிலில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தேன்."

அடிகள் அவனைப் பார்த்தார்.

"நீ அங்கே உட்கார்ந்திருந்தால், அவர் வேறு யார் பெயரைச் சொல்வார்?"